கல்லு சாமிக்கு, செங்கல்லு ராஜாவுக்கு

டிஸ்கி: பொன்னியின் செல்வன் ரசிகர்கள், மணி சார் பக்தர்கள், தோட்டா தரணி விசிறிகள் (நானும் அதுல ஒருத்தன்) எல்லாரும் ஒரு டம்ளர் தண்ணி குடிச்சிட்டு வந்து படிக்கவும். இது பட விமர்சனம் இல்லீங்க. படத்துக்குப் பின்னாடி நின்ன சுவத்தைப் பத்தின புலம்பல்.

போன மாசம் எங்க கேளம்பாக்கத்துல ஒரு கல்யாண ரிசப்ஷன். மண்டப வாசல்லயே "சோழர் அரண்மனை" தீம்னு ஃபைபர்ல ஒரு முகப்பு நிறுத்தி வெச்சிருந்தாங்க. இதழ் இதழா வெட்டின வளைவு, அதுக்கு மேல குடை மாதிரி சின்னச் சின்ன கோபுரங்கள், ரெண்டு பக்கமும் மாடம் வெச்ச ஜன்னல். எல்லாம் மணல் கலர். உச்சியில புலிக்கொடி. ஜெய்ப்பூர் ஹவா மஹாலைப் பிடிச்சு அது தலையில புலிக்கொடி சொருகினா என்ன வருமோ அதான். வர்றவங்க எல்லாம் முன்னாடி நின்னு செல்ஃபி. பக்கத்துல ஒரு சின்னப் பையன் அவங்க தாத்தாகிட்ட "ராஜராஜ சோழன் வீடு இப்டித்தான் இருக்குமா தாத்தா?"ன்னு கேட்டான். "ஆமாடா கண்ணு, படத்துல பாத்தோம்ல"ன்னு தாத்தா பதில் சொன்னார்.

டெக்கரேஷன்காரரைத் திட்டி என்ன ஆகப் போகுது? அவரும் படத்துல பார்த்ததைத்தானே செய்யறார். கேள்வி கேக்க வேண்டியது படத்தை, அதுக்கு முன்னாடி சீரியலை, அதுக்கும் முன்னாடி... சரி, அங்க வரேன்.

நேரா மேட்டருக்கு வரேன் மக்களே. நம்ம சோழனோ பல்லவனோ பாண்டியனோ கல் அரண்மனையில குடியிருந்ததா எந்தத் தடயமும் கிடையாது. கல்லு சாமிக்கு. ராஜாவுக்கு செங்கல்லு, சுண்ணாம்பு, மரம், ஓடு. மத்த சனத்துக்கு மண்ணு, மூங்கில், ஓலை. இந்த ஒரு விஷயம் நம்ம சரித்திரப் பட செட்டுகள்ல கிட்டத்தட்ட எழுபது எண்பது வருஷமா தப்பாவே வந்துட்டிருக்கு. நாமளும் "ஆஹா என்ன பிரம்மாண்டம்"னு வாயைப் பொளந்து பார்த்துட்டிருக்கோம்.

ஆதாரம் எங்கன்னு கேப்பீங்க. எங்க ஊர்லேர்ந்து கோவளம் போய் ஈ.சி.ஆர். பிடிச்சா மொத்தமா ஒரு 25 கிலோமீட்டர்ல மாமல்லபுரம். ஐந்து ரதம் இருக்கற இடத்துல திரௌபதி ரதம்னு ஒண்ணு நிக்குது பாருங்க, அது என்ன? கூரை வீடுங்க! ஓலையோ வைக்கோலோ வேஞ்ச ஒரு குடிசையை ஏழாம் நூற்றாண்டுல அப்படியே பாறையில செதுக்கி வெச்சிருக்கான். பீம ரதம் வண்டிக்கூண்டு மாதிரி வளைஞ்ச கூரை. மரச்சட்டத்தை வளைச்சுக் கட்டற கட்டடத்தோட பிரதி அது. கோயில் கொடுங்கைக்கு அடியில நிமிர்ந்து பாருங்க. ஆவுடையார்கோயில் மாதிரி இடத்துல உத்தரம், சட்டம், ஆணி வரைக்கும் கல்லுல செதுக்கியிருப்பான். மரவேலையைப் பார்த்து கல்தச்சன் காப்பி அடிச்சதுதான் நம்ம கோயில் கட்டடக்கலை. அந்த மரக் கட்டடமெல்லாம் கரையான் தின்னு, மழையில ஊறி, தீப்பிடிச்சுப் போயிடுச்சு. காப்பி மட்டும் நிக்குது. ஆர்ட் டைரக்டர் அந்தக் காப்பியைப் பார்த்துட்டு, ஒரிஜினலும் கல்லுலதான் இருந்துச்சுன்னு செட் போடறார்.

கோயிலே முதல்ல கல்லு கிடையாது. விழுப்புரம் பக்கம் மண்டகப்பட்டுல மகேந்திரவர்ம பல்லவன் ஒரு குடைவரை எடுத்துட்டு, செங்கல்லு இல்லாம, மரம் இல்லாம, உலோகம் இல்லாம, சுண்ணாம்பு இல்லாம கட்டியிருக்கேன்னு பெருமையா கல்வெட்டு வெட்டி வெச்சான். ஏழாம் நூற்றாண்டு ஆரம்பத்துல அது பெருமை அடிச்சுக்கற சமாச்சாரம்னா, அதுக்கு முன்னாடி வரை எதுல கட்டிட்டிருந்தாங்கன்னு அவனே லிஸ்ட் குடுத்துட்டான் பாருங்க. அப்புறம் பத்தாம் நூற்றாண்டுல செம்பியன் மாதேவி என்ன பண்ணாங்க? செங்கல் கோயில்களைப் பிரிச்சு கருங்கல்லுல எடுத்துக் கட்டினாங்க. இந்த அம்மா பொன்னியின் செல்வன்ல வர்ற பாத்திரம்ங்க! படத்துல ஜெயசித்ரா. அதாவது சாமி வீடே செங்கல்லுலேர்ந்து கல்லுக்கு மாறிட்டிருக்கற காலத்துல நடக்கற கதை அது. தஞ்சைப் பெரிய கோயில் கட்டி முடிஞ்சது 1010. ராஜராஜன் பட்டத்துக்கு வந்தது 985. கதை அதுக்கும் முன்னாடி. அந்தக் காலத்துல ராஜா வீடு மட்டும் மலைக்கோட்டை மாதிரி கல்லுல நின்னுச்சுன்னா எப்படி?

அடுத்தது நேரடி சாட்சி. கங்கைகொண்ட சோழபுரம் மாளிகைமேடு. ராஜேந்திரன் அரண்மனை இருந்த இடம். தமிழக தொல்லியல் துறை 1980கள்லயும், அப்புறம் 2021லேர்ந்து மறுபடியும் தோண்டினாங்க. கிடைச்சது என்ன? செங்கல் சுவர். கூரை ஓடு. இரும்பு ஆணி. சீனத்துப் பானை ஓடு. ஓடும் ஆணியும் கிடைக்குதுன்னா மேல மரச்சட்டம் போட்ட ஓட்டுக் கூரை இருந்திருக்குன்னு அர்த்தம். கடாரம் வரைக்கும் கப்பல் அனுப்பின ஆளோட வீடுங்க இது! ஓட்டு வீடு! எனக்கு இதைப் படிச்சப்போ சிலிர்த்துடுச்சு. ஒருத்தருக்கும் இது செட்டாகப் போட ஆசை வரலியே?

(இப்ப தஞ்சாவூர்ல நீங்க டிக்கெட் எடுத்துப் பார்க்கற அரண்மனை நாயக்கர், மராட்டியர் காலத்தது. மதுரை மஹால் 1636ல திருமலை நாயக்கர் கட்டினது, அதுவும் செங்கல்லும் சுண்ணாம்பும்தான். சோழன் வீட்டுல ஒரு சுவரும் நிக்கல.)

நிற்க. இப்ப "அங்க வரேன்"னு சொன்ன இடத்துக்கு வரேன். இந்தக் கல் அரண்மனை எங்கேர்ந்து முளைச்சது?

என் கணக்குல இதுக்கு தாத்தா, கம்பெனி நாடகத் திரைச்சீலை. பார்சி நாடகக் கம்பெனிகள் கொண்டாந்த பாணியில "தர்பார் சீன்"னு ஒரு படுதா வரைஞ்சு வெச்சிருப்பாங்க. வளைவு வளைவா தூண், தூரத்துல ஒரு கும்மட்டம். கதை அரிச்சந்திரன்னாலும் அதே படுதா, கோவலன்னாலும் அதே படுதா. அங்கேர்ந்து சினிமா ஸ்டுடியோவுக்கு வந்தப்போ படுதா ப்ளைவுட் ஆச்சு, அவ்வளவுதான். அப்புறம் டிவி. 1987ல தூர்தர்ஷன் ராமாயணம், எடுத்தது குஜராத் உமர்காவ்ல. 2013ல விஜய் டிவியில டப்பிங் மகாபாரதம் வந்துதே, அதுவும் அதே ஊர்தான். ராஜான்னா இப்படித்தான் வீடுன்னு தலைமுறை தலைமுறையா கண்ணுக்குள்ள வார்த்து ஊத்தியாச்சு.

கடைசியில 2022லயும் 2023லயும் ரெண்டு பாகமா பொன்னியின் செல்வன் வந்துது. தமிழ்ல இதுக்கு மேல காசு, இதுக்கு மேல திறமை, இதுக்கு மேல ஆசையோட எந்த சரித்திரப் படமும் வந்ததில்ல. ஷூட்டிங் எங்க? மத்தியப் பிரதேசம் ஓர்ச்சா. புந்தேலா ராஜபுத்திரர்கள் பதினாறு, பதினேழாம் நூற்றாண்டுல கட்டின ஊர். அப்புறம் மகேஷ்வர், நர்மதைக் கரையில பதினெட்டாம் நூற்றாண்டுல அகல்யாபாய் ஹோல்கர் ஆண்ட ஊர். அதோட ஹைதராபாத் ராமோஜி ஃபிலிம் சிட்டி செட்டு. சோழனுக்கும் ஓர்ச்சாவுக்கும் நடுவுல ஆறு நூறு வருஷம், ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல தூரம். அக்பர் கதையை எடுக்கறவன் திருவையாத்துல வந்து ஷூட் பண்ணினா வடக்க ஒத்துப்பாங்களா? சிரிப்பாங்க. நாம கை தட்டறோம்.

இன்னொரு விஷயம், இது எனக்கு ரொம்பக் கடுப்பேத்தறது. கலர். சரித்திரப் படம்னாலே ஏன் எல்லாச் சுவரும் பழுப்பு? ஏன் ஓரமெல்லாம் உடைஞ்சு, கறை படிஞ்சு இருக்கு? ஏன்னா இப்ப நாம பார்க்கற கோயில் அப்படி இருக்கு. ஆயிரம் வருஷ வெயிலும் மழையும் தின்ன சுவத்தைப் பார்த்து அதையே மாதிரியா வெச்சு செட் போடறாங்க. கதை நடக்கற அன்னிக்கு அந்தக் கட்டடம் புதுசுங்க! காஞ்சி கைலாசநாதர் கோயில் எட்டாம் நூற்றாண்டு ஆரம்பம். சின்னச் சின்ன மாடத்துக்குள்ள இன்னமும் சுதையும் வண்ணமும் துணுக்குத் துணுக்கா ஒட்டிட்டிருக்கு. வெள்ளையடிச்சு, வண்ணம் தீட்டி, பளபளன்னு இருந்த காலத்தை, இடிஞ்சு போன காலத்து மேக்கப் போட்டுக் காட்டறாங்க. இருபது வயசு வந்தியத்தேவனுக்கு எழுபது வயசு மேக்கப் போட்டா ஒத்துப்பீங்களா? சுவத்துக்கு மட்டும் போடலாமாம்.

சரி, சுவரு எதுவா இருந்தா உனக்கென்னடா, கதையப் பாருன்னு சில பேர் கிளம்புவீங்க. உங்களுக்காகத்தான் பாஞ்சாலங்குறிச்சி.

வீரபாண்டிய கட்டபொம்மன், 1959. பந்துலு படம். சிவாஜிக்கு கெய்ரோவுல விருது வாங்கிக் குடுத்த படம். இன்னிக்கு டிவியில போட்டாலும் ரிமோட்டைக் கீழ வெச்சுடுவேன். கோட்டையும் சண்டையும் கணிசமா ஜெய்ப்பூர்ல எடுத்தாங்க. திரையில பார்க்கறது ராஜஸ்தான் கல்கோட்டை. நிஜ பாஞ்சாலங்குறிச்சி? மண் கோட்டைங்க. அந்தச் சண்டையில கம்பெனிப் படையில இருந்த ஜேம்ஸ் வெல்ஷ்ங்கற அதிகாரி 1830ல புத்தகமே போட்டு எழுதி வெச்சிருக்கார், முழுக்க மண்ணாலயே கட்டினதுன்னு.

1799 செப்டம்பர்ல பானர்மேன் அந்த மண் கோட்டையைத் தாக்கறான், முதல் தாக்குதல் தோத்துப் போகுது. அப்புறம் கட்டபொம்மனைப் பிடிச்சு அக்டோபர் 16 கயத்தாறுல தூக்குல போட்டாச்சு. கோட்டையை இடிச்சுத் தரைமட்டம் ஆக்கியாச்சு. 1801 பிப்ரவரியில ஊமைத்துரை பாளையங்கோட்டை ஜெயில்லேர்ந்து தப்பிச்சு வர்றார். சில நாளைக்குள்ள கோட்டை மறுபடி எழும்பி நிக்குது! வெள்ளைக்காரன் வந்து பார்த்து அசந்து போறான். மார்ச் 31ல மறுபடி தாக்கறான், மறுபடி அடிவாங்கித் திரும்பறான். அப்புறம் பெரும்படை, பெரிய பீரங்கி எல்லாம் வரவழைச்சு மே 24லதான் பிடிக்க முடிஞ்சுது. கிட்டத்தட்ட ரெண்டு மாசம்.

ஒரு கல்கோட்டையை சில நாள்ல திரும்பக் கட்ட முடியுமா? முடியாது. மண் கோட்டையை ஊர்ச்சனம் மொத்தமும் மம்முட்டி, கூடையோட இறங்கினா முடியும். தடிமனான மண் சுவத்துல குண்டு விழுந்தா உள்ள புதைஞ்சு போகும், கல்லு மாதிரி சில்லு சில்லா தெறிக்காது. ஐரோப்பாவுலயே பீரங்கி வந்தப்புறம் கோட்டைச் சுவத்துக்குப் பின்னாடி மண்ணை அணைச்சுக் குவிச்சது அதுக்குத்தான். அந்தச் சண்டையோட மொத்தக் கதையும் மண்ணுலதான் இருக்கு. சனங்க சேர்ந்து அள்ளிக் கட்டின மண்ணு. அதை ஜெய்ப்பூர் கல்லா மாத்தின உடனே என்ன ஆகுதுன்னா, ஒரு ஊரே சேர்ந்து போட்ட சண்டை, ஒரு பெரிய ராஜா பெரிய கோட்டையில நின்னு வசனம் பேசற சண்டையா சுருங்கிடுது. வசனம் ஞாபகம் இருக்கு, மம்முட்டி பிடிச்சவன் காணாமப் போயிட்டான்.

இதுல இன்னொரு கொடுமை. 1974ல தமிழக அரசு பாஞ்சாலங்குறிச்சியில நினைவுக் கோட்டை கட்டினாங்க. நல்ல காரியம். மண்ணுல கட்டினாங்களா? ஹிஹி. போய்ப் பாருங்க. சினிமா கோட்டை மாதிரியேதான் இருக்கும். ஸ்கூல் பசங்களை பஸ்ல கூட்டிட்டுப் போய் இதான் கட்டபொம்மன் கோட்டைன்னு காட்டறாங்க. செட்டு, திரையை விட்டு இறங்கி வந்து சரித்திரம் ஆயிடுச்சு. எங்க ஊர் கல்யாண மண்டப முகப்பெல்லாம் இதுக்கு முன்னாடி ஜுஜுபி.

அடுத்தது இன்னும் கொஞ்சம் கசப்பானது. யார் எந்த வீட்டுல இருக்கலாம்ங்கறது அந்தக் காலத்துல காசு சமாச்சாரம் மட்டும் கிடையாது, அது உரிமை சமாச்சாரம். பிராமணர்களுக்கு நிலம் குடுத்த செப்பேடுகள்ல, சுட்ட செங்கல்லால மாடமாளிகை எடுத்துக்கலாம்னு தனியா ஒரு சலுகையா எழுதிக் குடுத்திருக்கான். எழுதிக் குடுக்கணும்னா, இல்லாதவன் கட்டக் கூடாதுன்னுதானே அர்த்தம்? கொங்கு நாட்டுல கம்மாளர்களுக்கு, உங்க வீட்டுக்குச் சாந்து பூசிக்கலாம், கால்ல செருப்பு போட்டுக்கலாம், நல்லது கெட்டதுக்கு ரெட்டைச் சங்கு ஊதிக்கலாம்னு ராஜா உத்தரவு போட்ட கல்வெட்டுகள் இருக்கு. யோசிச்சுப் பாருங்க. கோயிலையும் மாளிகையையும் கட்டற கைக்காரன், தன் வீட்டுச் சுவத்துக்குச் சுண்ணாம்பு பூசிக்க ராஜாகிட்ட அனுமதி வாங்கணும். பெரிய கோயில் சுவத்துலயே ஊர்நத்தம், கம்மாணச்சேரி, பறைச்சேரின்னு தனித்தனியா பேர் வெட்டியிருக்கு, வரி இல்லாத நிலம்னு.

ஒரு சோழர் காலத் தெருவை உண்மையா செட் போட்டீங்கன்னா, ஒரு வசனம் வேண்டாம். ஒரு பக்கம் சாந்து பூசின செங்கல் வீடு, இன்னொரு பக்கம் பூசாத மண் சுவர், ஊரைத் தாண்டி ஓலைக் குடிசை. கேமரா சும்மா ஒரு தடவை நடந்து வந்தா போதும், யாரு யாருன்னு சுவரே சொல்லிடும். எத்தனை சோழர் படத்துல பறைச்சேரி செட் பார்த்திருக்கீங்க? நான் ஒண்ணுலயும் பார்த்ததில்ல. எல்லாத்தையும் பழுப்புக் கல்லாக்கிட்டா அந்தக் கேள்வியே வராது பாருங்க, சௌகரியம். பா.ரஞ்சித்தோட தங்கலான் (2024) பத்தி எனக்கு ஆயிரம் புகார் உண்டு, ஆனா அதுல கூரை வீடு கூரை வீடா இருந்துச்சு. அதுக்காகவே ஒரு சலாம்.

இப்ப வழக்கமான மூணு எதிர்ப்பாட்டு வரும். "கல்கி எழுதினதே கதைதானே." இருக்கட்டுமே. வந்தியத்தேவன் என்ன பேசினான்ங்கறது கற்பனை, அவன் நின்ன ஊர் தஞ்சாவூர். பாகுபலி (2015) மேல எனக்கு ஒரு புகாரும் கிடையாது. படத்துல வர்ற மகிழ்மதி கற்பனை ராஜ்யம், சாபு சிரில் அவர் இஷ்டத்துக்கு விளையாடினார், பிரமாதம். ஆனா போஸ்டர்ல சோழன்னு பேர் போட்டு, புலிக்கொடியைப் பறக்க விட்டு, "நம்ம வரலாறு"ன்னு மேடையில கண் கலங்கிட்டு, கேட்டா கற்பனைங்கறது போங்கு ஆட்டம்.

"ஆதாரம் ஒண்ணும் மிச்சம் இல்லியே, என்ன பண்றது?" எவ்வளவு இருக்குன்னு இவ்வளவு நேரம் சொன்னேன். இன்னும் வேணுமா? பெரிய கோயில் கருவறையைச் சுத்தின உள் பாதையில, நாயக்கர் காலத்து ஓவியத்துக்கு அடியில சோழர் ஓவியம் இருக்கறது 1931லயே தெரிஞ்சு போச்சு. சுந்தரர் கல்யாணம், அந்த வீட்டுச் சமையல், தில்லைக் கோயில் சாய்வான கூரையோட, எல்லாம் சோழர் காலத்துக் கையே வரைஞ்சது. நெடுநல்வாடையில அரண்மனைக்கு நூல் பிடிச்சு அளக்கறதுலேர்ந்து கதவு, நிலை வரைக்கும் சொல்லியிருக்கு. மரத்துல அரண்மனை எப்படி இருக்கும்னு கண்ணால பார்க்கணும்னா தக்கலை பக்கம் பத்மநாபபுரம் போங்க. காலத்தால ரொம்பப் பிந்தினது, திருவிதாங்கூர் ராஜாக்களோடது, ஆனா மரம், ஓடு, தாழ்வாரம், அந்த அரை இருட்டு எல்லாம் பாடம். அவ்வளவு தூரம் எதுக்கு, எங்க ஊர்லேர்ந்து அரை மணிக்கும் குறைவான தூரத்துல முட்டுக்காடு தட்சிணசித்ரா. 1996லேர்ந்து இருக்கு. செட்டிநாட்டு வீடு, நெசவாளர் வீடு, அக்ரஹார வீடுன்னு நிஜ வீடுகளைப் பிரிச்சு, உத்தரம் உத்தரமா எடுத்துட்டு வந்து திரும்ப நிறுத்தி வெச்சிருக்காங்க. பத்தொன்பது, இருபதாம் நூற்றாண்டு வீடுகள்தான், சோழர் வீடு இல்ல. ஆனா மரத்தூண் கல்லு மேல எப்படி உக்காருது, திண்ணை எவ்வளவு உயரம், முற்றத்துத் தண்ணி எங்க போகுது, இதெல்லாம் தொட்டுப் பார்க்கலாம்.

"பட்ஜெட்." இது செம காமெடி. செட்ல கல் சுவர்ன்னா என்ன? சவுக்குக் கட்டையில சாரம், ப்ளைவுட், அது மேல பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் அச்சு, மேல பெயிண்ட். ஒரு அச்சு செஞ்சா நூறு யாளி வார்க்கலாம். அதே அச்சுல மரத்தூண் வராதா? ஓடு வராதா? மண் சுவருக்கு மண்ணு போதுமேய்யா! கல்லு போடறதுக்குக் காரணம் காசு இல்ல, பழக்கம். மெயின் ஆர்டிஸ்ட் பின்னாடி உயரமா ஏதாவது நிக்கலைன்னா "பிரம்மாண்டம்" வராதுங்கற பயம்.

திறமை இல்லைன்னு மட்டும் சொல்லிடாதீங்க. நாயகன் (1987) ஞாபகம் இருக்கா? தாராவியை மெட்ராஸ் வீனஸ் ஸ்டுடியோவுல தோட்டா தரணி போட்டார். தகரம், சாக்கடை, தார்ப்பாய், சுவத்துல ஈரம். தேசிய விருது வாங்கினார். எத்தனையோ பேர் இன்னமும் அதை பம்பாயிலயே எடுத்ததுன்னு நம்பிட்டிருக்காங்க. மதராசபட்டினம் (2010) படத்துல 1940கள் மெட்ராஸைக் கண்ணு முன்னாடி நிறுத்தினாங்க. அங்க ஏன் அவ்வளவு கவனம்? தாராவியைப் பார்த்த ஆள் உயிரோட இருக்கான், பழைய மெட்ராஸுக்கு ஃபோட்டோ இருக்கு. தப்பு பண்ணா மாட்டிப்போம். சோழன் எழுந்து வந்து கேஸ் போட மாட்டான்ல? டெஸ்டிங் டீம் இல்லாத ப்ராஜக்ட்ல கோட் எப்படி இருக்கும்னு என்னைய மாதிரி பொட்டி தட்டறவங்களுக்குத் தெரியும். :-)

சின்னச் சின்னதா இன்னும் நிறைய இருக்கு, பட்டியல் போட்டா விடிஞ்சிடும். சீரியல் அரண்மனைக்கெல்லாம் ஆரஞ்சு கலர்ல தோரணம் கட்டறாங்களே, துலுக்க சாமந்தி, அது மெக்சிகோ பக்கத்துப் பூ. நந்தவனத்துல காகிதப்பூ, அது தென் அமெரிக்கா. மடப்பள்ளி செட்ல குவிச்சு வெச்ச காஞ்ச மிளகாய் நம்ம ஊருக்கு வந்ததே போர்த்துக்கீசியர் வந்தப்புறம். போர்க்களத்துல குதிரை ஓடற பொட்டல்ல சீமைக்கருவேலம், அது பத்தொன்பதாம் நூற்றாண்டுல வெள்ளைக்காரன் கொண்டாந்து விட்டது. பூவை மாத்தறதுக்கு என்னய்யா பட்ஜெட்? தாமரை இல்ல? அலரி இல்ல? மாவிலை இல்ல?

சினிமாக்காரங்களை மட்டும் சொல்லியும் பிரயோசனம் இல்ல. கீழடியில தோண்டி எடுத்தது ரெண்டாயிரம் வருஷத்துக்கு மேல பழைய செங்கல் கட்டடம், உறைகிணறு. 2023ல அதுக்கு அருங்காட்சியகம் திறந்தாங்க, உள்ள வெச்சிருக்கறது அருமை, எல்லாரும் ஒரு தடவை போகணும். ஆனா கட்டடம்? செட்டிநாட்டு பாணி! பர்மா தேக்கு வந்த காலத்து வீட்டு பாணியில கீழடிக்கு வீடு. நம்ம கண்ணுக்கு பழசுன்னா ரெண்டே ரெண்டுதான் போல. கொஞ்சம் பழசுன்னா காரைக்குடி, ரொம்பப் பழசுன்னா ராஜஸ்தான்.

அடுத்தது ஷங்கர் வேள்பாரியை எடுக்கணும்னு சொல்லியிருக்கார். பறம்பு மலை. சங்க காலம். குறுநில மன்னன், மலைமேல வாழ்ந்த ஆள். மூங்கில், புல்லு வேஞ்ச கூரை, மண் மெழுகின தரை, பலா மரம், தேன் கூடு. இதை மட்டும் ஒழுங்கா போட்டாங்கன்னா முதல் நாள் முதல் ஷோ எங்க ஏரியா தியேட்டர்ல விசில் அடிக்கற முதல் ஆள் நான்தான். பாரி வீட்டுல ஒரே ஒரு யாளித் தூண் கண்ணுல பட்டுச்சு, இதை விட நீளமா இன்னொரு பதிவு வரும், சொல்லிட்டேன்.

பி.கு: பின்னூட்டத்துல கும்மறவங்க கும்முங்க. ஆனா "சோழர் கல் அரண்மனை இங்க இருக்கு"ன்னு சொல்றவங்க ஊர் பேரும் எந்த நூற்றாண்டுன்னும் சேர்த்துப் போடுங்க. நிஜமா இருந்தா அடுத்த சனிக்கிழமையே பைக்கை எடுத்துடறேன்.